டேப்பில் நெளிந்த கோடு: ஆஸ்டிராய்டு ஹயலோசிஸ் உள்ள ஒரு கண், ஒரு நிகழ்வு ஆய்வு

பின்னணி

நான் ஒரு சிறு நகரத்துக் கண் பரிசோதனை மையத்தில் ஆப்டோமெட்ரிஸ்டாக வேலை செய்கிறேன். கண்ணாடிப் பவர் பார்ப்பது, கண் அழுத்தம் அளப்பது, விழித்திரையைப் படம் எடுத்துத் தலைமை மருத்துவமனைக்கு அனுப்புவது, தேவைப்பட்டால் வீடியோவில் மருத்துவரிடம் நோயாளியைப் பேச வைப்பது, இவைதான் எங்கள் மையத்தில் நடக்கும் வேலைகள். கண்ணில் ஊசி போடுவது, அறுவை சிகிச்சை செய்வது எல்லாம் தலைமை மருத்துவமனையில்தான். அது பஸ்ஸில் இரண்டு மணி நேரத் தூரம்.

இங்கே நான் சொல்லப்போகும் நோயாளிக்கு அப்போது வயது 66. தையல்காரர். நாற்பது வருடமாக ஒரே கடை. சர்க்கரை நோய் வந்து 14 வருடம் ஆகிறது. மாத்திரை சாப்பிடுகிறார், நடுநடுவே விட்டும் விடுகிறார். கூட வந்தவர் மகள். இதை எழுத அவரிடம் கேட்டபோது, "எழுதுங்கம்மா, ஆனா பேரு, ஊரு போடாதீங்க" என்றார். அதனால் அவை இல்லை.

முதல் வருகை

முதலில் அவர் வந்தது பக்கத்தில் இருப்பதைப் பார்க்க உதவும் கண்ணாடிக்காக. ஊசியில் நூல் கோக்கச் சிரமமாக இருக்கிறது என்றார். வலது கண் 6/9, இடது கண் 6/12 (6/6 என்பது இயல்பான பார்வை, கீழ் எண் கூடக் கூடப் பார்வை குறைவு). இரண்டிலும் வயதுக்கேற்ற கண்புரை, இடதில் கொஞ்சம் கூடுதல். புதுக் கண்ணாடி எழுதிக் கொடுத்தேன்.

சர்க்கரை நோயாளி என்பதால் விழித்திரைப் படமும் எடுத்தேன். வலது கண் படம் தெளிவு. இடது கண்ணுக்கு மூன்று முறை எடுத்தும் படம் முழுக்க வெள்ளை வெள்ளையாகப் புள்ளிகள். விழித்திரை அவற்றுக்குப் பின்னால் ஒரு நிழல் போலத்தான் தெரிந்தது. ஸ்லிட் லேம்பில், அதாவது கண்ணைப் பெரிதாக்கிக் காட்டும் விளக்குக் கருவியில், லென்ஸ் பிடித்துப் பார்த்தேன். கண்ணுக்குள் இருக்கும் லென்ஸுக்குப் பின்னால் உள்ள கூழ் முழுவதும் பால் நிறத்தில் பொடிப்பொடியாக உருண்டைகள், நூற்றுக்கணக்கில். மேலே பார்க்கச் சொன்னேன். உருண்டைகள் எல்லாம் சேர்ந்து ஒரு அசைவு அசைந்தன. கண்ணை நிறுத்தச் சொன்னேன். ஒவ்வொன்றும் புறப்பட்ட இடத்துக்கே திரும்பி வந்து நின்றது. கீழே போய்த் தேங்கவில்லை.

அந்த அசைவைப் பார்த்ததுமே இது ஆஸ்டிராய்டு ஹயலோசிஸ் என்று தெரிந்துவிட்டது. "இது கெடுதல் இல்லாதது ஐயா, பயப்படாதீங்க, ஒரு வருஷம் கழிச்சு வாங்க" என்று சொல்லி அனுப்பினேன். அவருடைய குறிப்பு அட்டையில் நான் எழுதியது இதுதான்: "இடது கண் – ஆஸ்டிராய்டு ஹயலோசிஸ். விழித்திரை தெளிவாகத் தெரியவில்லை."

நோயைச் சரியாகத்தான் கண்டுபிடித்திருந்தேன். தவறு அந்த இரண்டாவது வாக்கியத்தில் இருந்தது. அதை எழுதிவிட்டு, அதற்கு மேல் ஒன்றும் செய்யாமல் விட்டேன்.

இந்த வெள்ளைத் துகள்கள் என்ன

கண்ணின் பின்பக்கத்தை நிரப்பியிருக்கும் கூழுக்கு விட்ரியஸ் என்று பெயர். ஏறத்தாழ 4 மில்லி இருக்கும். பெரும்பங்கு தண்ணீர்தான், அதற்குள் மெல்லிய கொலாஜன் இழைகள் வலை போல ஓடுகின்றன. வயதாகும்போது சிலருக்கு அந்த இழைகளில் கால்சியமும் பாஸ்பேட்டும் கொழுப்பும் சேர்ந்த சிறு உருண்டைகள் ஒட்டிக்கொள்கின்றன. வெளிச்சம் படும்போது அவை விண்மீன் கூட்டம் போல மின்னும். அதனால்தான் நட்சத்திரம் என்று பொருள்படும் சொல்லை வைத்துப் பெயரிட்டார்கள். பென்சன் என்ற மருத்துவர் 1894-இல் இதை விவரித்தபோது வைத்த பெயர், கண்ணுக்குள் அழற்சி இருப்பதாகப் பொருள் தந்தது. உண்மையில் இதில் அழற்சி எதுவும் இல்லை. அதனால் பிற்பாடு பெயரின் கடைசிப் பகுதியை மாற்றிவிட்டார்கள்.

இது ரொம்ப அபூர்வமும் இல்லை. ஆஸ்திரேலியாவின் புளூ மவுன்டன்ஸ், அமெரிக்காவின் பீவர் டாம் ஆகிய இடங்களில் பெரிய அளவில் நடந்த கண் ஆய்வுகளில், நடுவயது தாண்டியவர்களில் 100 பேருக்கு ஒருவர் என்ற கணக்கில் காணப்பட்டது. வயது கூடக் கூட இதுவும் கூடும். பெரும்பாலும் ஒரு கண்ணில்தான் வரும். சர்க்கரை நோயால்தான் வருகிறது என்று முன்பு சிறிய ஆய்வுகள் சொன்னதுண்டு. இந்தப் பெரிய ஆய்வுகள் அதை உறுதிப்படுத்தவில்லை. அதனால் "உங்க சர்க்கரைதான் கண்ணுல படிஞ்சிருக்கு" என்று நோயாளியிடம் சொல்வது சரியல்ல. அப்படிச் சொல்வதை நான் கேட்டிருக்கிறேன்.

இதில் வியப்பான விஷயம், பார்க்கிற நமக்கு இவ்வளவு அடைசலாகத் தெரியும் கண்ணில் அவருக்குப் பார்வை பெரும்பாலும் நன்றாகவே இருக்கும் என்பதுதான். கண்ணுக்குள் பூச்சி பறக்கிறது என்றுகூடப் பெரும்பாலானோர் சொல்வதில்லை.

இடைப்பட்ட எட்டு மாதம்

இந்தச் சமயத்தில் ஊரில் ஒரு கண் முகாம் நடந்தது. இடது கண் இன்னும் மங்குகிறது என்று அவர் அங்கே போயிருக்கிறார். "கண்ணுக்குள்ள சுண்ணாம்பு படிஞ்சிருக்கு, அதான் மங்குது. பெரிய ஆபரேஷன் பண்ணி எடுக்கணும்" என்று சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். வீட்டில் எல்லோருக்கும் பயம். வெளிநாட்டில் இருக்கும் மகன் உடனே பணம் அனுப்புகிறேன், ஆபரேஷன் செய்துவிடுங்கள் என்று போனில் சொல்லியிருக்கிறார். அடுப்படியில் சுண்ணாம்பு டப்பாவைப் பார்த்தாலே அம்மா அழுகிறார் என்றார் மகள்.

ஆபரேஷனுக்கு நாள் குறிப்பதற்கு முன்னால் ஒருமுறை எங்களிடம் காட்டலாம் என்றுதான் வந்தார்கள். என் ஒரு வருடக் கணக்குக்கு நான்கு மாதம் முன்னதாக.

இரண்டாம் வருகை

வலது கண் முன்பு போலவே 6/9. இடது கண் 6/24. பின்ஹோல் (சிறு ஓட்டை உள்ள தட்டு) வைத்துப் பார்த்தால் 6/18. அதற்கு மேல் ஏறவில்லை. துகள்கள் எட்டு மாதத்துக்கு முன்பு இருந்தது போலவே இருந்தன. புரை சற்றே முற்றியிருந்தது.

இங்கேதான் எனக்கு உறுத்தியது. துகள்கள் கூடவில்லை, பார்வை மட்டும் குறைந்திருக்கிறது. அப்படியென்றால் துகள்கள்தான் காரணம் என்று எப்படிச் சொல்வது?

நேர்கோடுகளால் கட்டம் போட்டு நடுவில் புள்ளி வைத்த ஆம்ஸ்லர் அட்டையை எடுத்து, வலது கண்ணை மூடச் சொல்லி, நடுப்புள்ளியைப் பார்க்கச் சொன்னேன். அவர் பார்த்த உடனேயே, "நடுவுல கோடு நெளியுதும்மா" என்றார். பிறகு சொன்னது இப்போதும் என் காதில் இருக்கிறது.

"இதத்தானேம்மா அன்னைக்கும் சொன்னேன். அளவு எடுக்கும்போது டேப்பு நடுவுல நெளிஞ்சு தெரியுதுன்னு."

முதல் வருகையின் குறிப்பு அட்டையைப் புரட்டினேன். அதில் அப்படி எதுவும் இல்லை. அவர் சொல்லியிருப்பார். கண்ணாடிப் பவர் பார்க்கும் அவசரத்தில், டேப் நெளிவதைப் பழைய டேப் என்று நினைத்தேனா, காதிலேயே வாங்கவில்லையா என்று இப்போது எனக்கு நினைவில்லை. எழுதவில்லை என்பது மட்டும் உறுதி.

விட்ரியஸில் இருக்கும் துகளால் நேர்கோடு வளையாது. கோடு வளைகிறது என்றால் விழித்திரையின் நடுப்பகுதியான மாக்குலாவில் ஏதோ நடக்கிறது என்று பொருள். அது குறிப்பு அட்டையில் இருந்திருந்தால் அன்றைக்கே தலைமை மருத்துவமனைக்கு அனுப்பியிருப்பேன். அன்று மாலையே அங்குள்ள விழித்திரை மருத்துவருக்கு வீடியோவில் காட்டினேன். "நாளைக்கே அனுப்புங்க, ஓ.சி.டி. எடுப்போம்" என்றார். விழித்திரையின் அடுக்குகளைக் குறுக்குவெட்டாகக் காட்டும் ஒளி ஸ்கேன் அது.

தலைமை மருத்துவமனையில் தெரிந்தது

நாங்கள் படம் எடுக்கும் கேமராவின் வெளிச்சம் துகள்களில் பட்டு எதிரொளித்துக் கேமராவுக்கே திரும்பிவிடுகிறது. ஓ.சி.டி. அகச்சிவப்பு ஒளியில் வேலை செய்வதால் துகள்களைத் தாண்டிப் பெரும்பாலும் உள்ளே போய்விடும். இவர் விஷயத்திலும் அப்படித்தான். எட்டு மாதமாக நாங்கள் பார்க்க முடியாமல் இருந்த விழித்திரை சில நொடிகளில் திரையில் வந்தது. மாக்குலா வீங்கி, நடுவில் நீர்க்கோத்த அறைகள். நடுப்பகுதியின் கனம் 438 மைக்ரான் (ஒரு மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு). இருந்திருக்க வேண்டியது 250-ஐ ஒட்டி.

ரத்தத்தில் ஒளிரும் சாயம் ஏற்றி விழித்திரையைப் படமெடுக்கும் ஃபுளோரசின் ஆஞ்சியோகிராமிலும் ரத்தக் குழாய்கள் தெளிவாகத் தெரிந்தன. சாயம் உமிழும் ஒளியை மட்டும் உள்ளே விட்டு, துகள்களிலிருந்து எதிரொளிக்கும் ஒளியைத் தடுக்கும் வடிகட்டி அதில் உண்டு. மாக்குலாவைச் சுற்றி நீர் கசியும் இடங்கள் தெரிந்தன. புது ரத்தக் குழாய்கள் முளைக்கவில்லை. ஒலி அலையால் கண்ணுக்குள் படமெடுக்கும் பி-ஸ்கேனில் துகள்கள் பளிச்சென்று மிதந்தன. அவற்றுக்கும் விழித்திரைக்கும் நடுவே வெறுமையாக ஒரு இடைவெளி இருந்தது. இந்த நிலைக்கே உரிய தோற்றம் அது. விழித்திரை விலகவில்லை, பழைய ரத்தக்கசிவும் இல்லை. மூன்று மாதச் சராசரி சர்க்கரை 9.2 சதவீதம்.

ஆக, பார்வை மங்கக் காரணம் இரண்டு: சர்க்கரையால் வந்த மாக்குலா வீக்கம், அத்துடன் புரை. சுண்ணாம்பு என்று சொல்லப்பட்டதற்கு அதில் பங்கு இல்லை.

விட்ரியஸை எடுக்க வேண்டாம் என்று முடிவு செய்தது

குடும்பத்தோடு உட்கார்ந்து மருத்துவர் பேசினார். நானும் வீடியோவில் இருந்தேன். மகள் கேட்ட கேள்வி நியாயமானது: "அதையும் சேர்த்தே எடுத்துட்டா என்ன டாக்டர்?"

விட்ரியஸை அகற்றும் அறுவை சிகிச்சையில் விழித்திரை கிழிய வாய்ப்பு உண்டு. புரை வேகமாக முற்றும். அதிலும் இந்த வகைக் கண்களில் விட்ரியஸ் விழித்திரையோடு வழக்கத்தைவிட இறுக்கமாக ஒட்டியிருக்கக்கூடும், பிரித்தெடுப்பது கடினம். வேறு எந்தக் காரணமும் இல்லாமல் துகள்களே பார்வையைக் கெடுக்கின்றன என்று உறுதியானால், அல்லது துகள்கள் மறைப்பதால் விழித்திரைக்குத் தேவையான சிகிச்சையைச் செய்யவே முடியவில்லை என்றால் செய்யலாம். இங்கே இரண்டும் இல்லை.

அப்படியும் தையல்காரருக்கு ஒரு சந்தேகம். கண்ணுக்குள் அவ்வளவு அடைத்துக்கொண்டிருக்கும்போது தனக்கு எப்படித் தெரியாமல் இருக்கும் என்று கேட்டார். மருத்துவர் ஸ்லிட் லேம்பில் எடுத்த வீடியோவைக் காட்டினார். கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு அவரே சொன்னார்:

"நெட் துணியில சம்கி தைச்ச மாதிரி இருக்கு டாக்டர். வெளிய இருந்து லைட் அடிச்சா சம்கிதான் மின்னும், உள்ள இருக்கிறது தெரியாது. முக்காடு போட்ட பொண்ணுக்கு எதிர்ல இருக்கிறதெல்லாம் தெரியுமே."

இத்தனை வருடத்தில் இந்த நோய்க்கு இதைவிட நல்ல விளக்கம் நான் கேட்டதில்லை. இழை, அதில் ஒட்டிய மணி, அசைந்தாலும் அதே இடத்துக்குத் திரும்புவது, டார்ச் அடிப்பவருக்கு மட்டும் கண் கூசுவது எல்லாம் அந்த ஒரு துணியில் இருக்கிறது. அதற்குப் பிறகு வந்தவர்களிடம் நானும் இதைத்தான் சொல்கிறேன்.

சரி, செய்ய வேண்டியது என்ன? முதலில் மாக்குலா வீக்கத்துக்கு மாதம் ஒன்றாகக் கண்ணுக்குள் மூன்று ரானிபிசுமாப் (ரத்தக் குழாய்க் கசிவைக் குறைக்கும் மருந்து) ஊசி. வீக்கம் வடிந்த பிறகு புரை அறுவை. வீக்கத்தோடு புரையை எடுத்தால் வீக்கம் கூடிவிடும் அபாயம் இருப்பதால்தான் இந்த வரிசை. கூடவே சர்க்கரைக்கு வேறு மருத்துவரிடம் அனுப்பி மருந்தை மாற்றுவது. மகனிடம் போனில் பேசி, அனுப்பவிருந்த பணத்தை நிறுத்தச் சொன்னார்கள்.

லென்ஸ் அளவில் வந்த சிக்கல்

மூன்று ஊசிக்குப் பிறகு நடுப்பகுதியின் கனம் 291 மைக்ரானுக்கு இறங்கியது. பார்வை 6/18-இலிருந்து 6/12. இனிப் புரையை எடுக்கலாம் என்று, அதற்குப் பதிலாகக் கண்ணுக்குள் வைக்கும் செயற்கை லென்ஸுக்கு அளவு எடுத்தார்கள்.

ஒளியால் அளக்கும் கருவியில் அன்று கூட்டம். அதனால் முதலில் ஒலி அலைக் கருவியில், அதாவது ஏ-ஸ்கேனில் எடுத்தார்கள். வலது கண்ணின் நீளம் 23.2 மில்லிமீட்டர், இடது 21.9. பதிவு செய்த தொழில்நுட்பப் பணியாளர் அங்கேயே நிறுத்தினார். ஒருவரின் இரண்டு கண்களும் பொதுவாக ஏறக்குறைய ஒரே நீளம் இருக்கும். இவருக்கு முன்பு இரண்டு கண்ணுக்கும் இருந்த பவரும் கிட்டத்தட்ட ஒன்றுதான். அப்படியிருக்க 1.3 மில்லிமீட்டர் வித்தியாசம் எங்கிருந்து வரும்?

ஒலி அலை துகள்களில் மோதித் திரும்பியதைக் கருவி விழித்திரை என்று எடுத்துக்கொண்டிருக்கிறது. ஒளிக் கருவியில் எடுத்ததும் இடது கண் 23.1 என்று வந்தது. ஒரு மில்லிமீட்டர் பிசகினாலே லென்ஸ் பவர் இரண்டரை, மூன்று டயாப்டர் (பவரின் அலகு) மாறிவிடும். முதல் அளவை நம்பி லென்ஸ் வைத்திருந்தால் அவருக்குத் தூரத்தில் இருப்பது மங்கி, அந்த ஒரு கண்ணுக்கு மட்டும் கனமான மைனஸ் கண்ணாடி போட வேண்டியிருக்கும். இரண்டு கண்ணும் சேர்ந்து வேலை செய்யாது. அந்தப் பணியாளருக்கு 24 வயதுதான் இருக்கும். அவர் கேள்வி கேட்டு நிறுத்தியதை இந்த ஆய்வில் பதிவு செய்வது அவசியம் என்று நினைக்கிறேன்.

லென்ஸ் வகையிலும் ஒரு கவனம் தேவைப்பட்டது. சிலிக்கோன் லென்ஸ் வைத்த ஆஸ்டிராய்டு கண்களில் லென்ஸின் பின்புறத்தில் கால்சியம் படிவது பல இடங்களில் பதிவாகியிருக்கிறது. லேசரால் துடைத்தாலும் மறுபடி படிகிறது. சிலிக்கோன் லென்ஸை இன்று அதிகம் பயன்படுத்துவதில்லை என்றாலும், அட்டையில் "சிலிக்கோன் வேண்டாம்" என்று தனியாக எழுதினார்கள். ஹைட்ரோஃபோபிக் அக்ரிலிக், அதாவது நீர் ஒட்டாத வகைப் பிளாஸ்டிக் லென்ஸ் வைக்கப்பட்டது.

பிறகு நடந்தது

அறுவை சிகிச்சை சிக்கலில்லாமல் முடிந்தது. ஒரு மாதத்தில் இடது கண் கண்ணாடியோடு 6/9. பக்கத்தில் சிறிய எழுத்து வரை படிக்க முடிந்தது. துகள்கள் பழையபடியே இருந்தன. புரை போனதால் முன்பைவிடப் பளிச்சென்று தெரிந்தன, அவ்வளவுதான்.

எல்லாம் அங்கேயே முடிந்துவிடவில்லை. நான்காம் மாதம் வீக்கம் லேசாகத் திரும்பியது, 340 மைக்ரான். அதைக் கண்டுபிடித்தவர் அவரேதான். ஒரு பழுப்புத் தாளில் தையல் சாக்பீஸால் கட்டம் போட்டு, நடுவில் ஒரு புள்ளி வைத்து, மிஷினுக்கு எதிரே சுவரில் ஒட்டிவைத்திருக்கிறார். காலையில் கடை திறந்ததும் ஒவ்வொரு கண்ணாக மூடிப் பார்ப்பாராம். ஒருநாள் புள்ளிக்குக் கீழே இரண்டு கோடு நெளிந்ததும் அன்றே பஸ் ஏறி வந்துவிட்டார். இன்னொரு ஊசி போடப்பட்டது. அதற்குப் பிறகு கடைசியாகப் பார்த்தபோது கனம் 284, பார்வை 6/9. சர்க்கரைச் சராசரி 7.6-க்கு வந்திருந்தது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை ஓ.சி.டி. தொடர்கிறது.

எங்கள் மையத்தில் மாற்றிக்கொண்டவை

சர்க்கரை நோயாளியின் விழித்திரை எந்தக் காரணத்தாலும் தெரியவில்லை என்றால், இப்போது அதை "பிரச்சினை இல்லை" என்ற பக்கம் வைப்பதில்லை. தெரியவில்லை என்றாலே அனுப்ப வேண்டும். சர்க்கரை நோய்க் கண் பரிசோதனையில் இது அடிப்படை விதி. எனக்கும் அது தெரியும். ஆனால், மறைப்பது ஒரு கெடுதலில்லாத விஷயம் என்று தெரிந்ததும், அதற்குப் பின்னால் இருப்பதும் கெடுதலில்லாதது என்று மனம் தானாக எடுத்துக்கொண்டது. இந்த ஒரு வழுக்கலைத்தான் மற்ற மையங்களில் இருப்பவர்களுக்குச் சொல்ல விரும்புகிறேன். முகாமில் நடந்தது இதற்கு நேர் எதிர்: அவர்கள் துகள்கள் மேல் எல்லாப் பழியையும் போட்டார்கள். இரண்டு பேருமே துகள்களோடு நின்றுவிட்டோம்.

ஆம்ஸ்லர் அட்டை முன்பு மேஜை டிராயரில் இருந்தது. இப்போது பார்வை அட்டைக்குப் பக்கத்திலேயே தொங்குகிறது. நாற்பது வயது தாண்டிய எல்லோருக்கும் காட்டுகிறோம். ஒரு நிமிடம்கூட ஆகாது. நோயாளி தன் வேலையை வைத்துச் சொல்லும் குறையை, டேப் நெளிகிறது, தராசு முள் இரண்டாகத் தெரிகிறது என்று எப்படிச் சொன்னாலும், அதே வார்த்தையில் எழுத ஒரு வரி விட்டிருக்கிறோம்.

"பயப்படாதீங்க" என்று சொல்லி அனுப்பும்போது இன்னொன்றையும் சொல்கிறோம். திடீரென்று கண்ணில் மின்னல் அடிப்பது, புதிதாகக் கருப்புப் புள்ளிகள் கொட்டுவது, ஓரத்தில் திரை இறங்குவது போல இருப்பது ஆகியவை இந்தத் துகள்களின் வேலை அல்ல. விழித்திரை கிழிவதன் அறிகுறியாக இருக்கலாம். அன்றைக்கே வர வேண்டும்.

அவருடைய அட்டையின் முதல் பக்கத்தில் இப்போது சிவப்பு மையில் இரண்டு வரி இருக்கிறது: "இடது கண் – ஆஸ்டிராய்டு ஹயலோசிஸ். பார்வை குறைந்தால் வேறு காரணம் தேடவும், ஓ.சி.டி. எடுக்கவும்." அதன் ஒரு நகலை அவர் சட்டைப் பையில் வைத்திருக்கிறார். எந்த முகாமுக்குப் போனாலும் முதலில் அதை எடுத்து நீட்டச் சொல்லியிருக்கிறேன்.